செக் திரையின் கதை – 14: வீட்டுக்கு வீடு தெரிந்த முகம்

நடன மண்டபத்தில் மூன்று ஆண்கள் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்திருக்கிறார்கள். மூவருக்கும் நடுத்தர வயது. ரிசர்வ் படையில் சில வாரப் பயிற்சிக்காக வந்திருக்கிறார்கள். சீருடை தொந்தியைப் பிடிக்கிறது. எதிரே ஒரு மேசையில் மூன்று இளம்பெண்கள். அவர்களுக்கு ஒரு புட்டி ஒயின் அனுப்பலாமா, அனுப்பினால் யார் முதலில் எழுந்து போய்ப் பேசுவது என்று மூவருக்குள்ளும் நீண்ட வாக்குவாதம். கடைசியில் புட்டி போகிறது. பணியாளர் அதை வேறொரு மேசையில் கொண்டுபோய் வைத்துவிடுகிறார். அந்த மேசைப் பெண்களின் முகம் மலர்கிறது. பிறகு அதே பணியாளர் வந்து, அதே புட்டியை எடுத்து, உரிய மேசைக்கு நகர்த்துகிறார். மலர்ந்த முகங்கள் வாடுவதை கேமரா அசையாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது.

மிலோஷ் ஃபோர்மன் 1965இல் எடுத்த 'பொன்முடிக்காரியின் காதல்கள்' படத்தின் காட்சி இது. காலணித் தொழிற்சாலை ஒன்றை நம்பி வாழும் சிற்றூர். பெண்கள் ஏராளம், ஆண்கள் குறைவு. பெண்களுக்குத் துணை கிடைக்கட்டும் என்று ராணுவ முகாம் ஒன்றை ஊருக்கு வரவழைக்கிறார் ஆலை நிர்வாகி. வந்து இறங்குபவர்களோ மனைவி, பிள்ளை குட்டியுள்ளவர்கள். அந்த மூவரில் ஒருவர் கல்யாண மோதிரத்தை மேசைக்கடியில் ரகசியமாகக் கழற்றப் போய், அது கைநழுவி, ஆடுபவர்களின் கால்களுக்கிடையே உருண்டோடுகிறது. அமெரிக்காவின் ஆஸ்கர் விருதுக்கு, வெளிநாட்டுப் படங்களின் வரிசையில் பரிந்துரைக்கப்பட்ட படம் இது.

மூவரில் அதிகம் பேசுபவர், மற்ற இருவரையும் தூண்டிவிடுபவர், விளாதிமீர் மென்ஷீக். ஃபோர்மனைப் பற்றிச் சென்ற அத்தியாயத்தில் பார்த்தோம். நடிப்பே தெரியாதவர்களை நடிக்க வைப்பது அவர் வழக்கம். இதே படத்தில் நாயகனின் பெற்றோராக வரும் இருவரும் அப்படித் தேடிப் பிடிக்கப்பட்டவர்கள். அப்படிப்பட்டவர்களுக்கு நடுவே, நாடகப் பள்ளியில் படித்து வந்த ஒருவரை உட்கார வைத்தால் நடிப்பு தனியாகத் துருத்திக்கொண்டு தெரிய வேண்டும். மென்ஷீக்கிடம் அது தெரியவே இல்லை. பக்கத்து ஊர்ப் பட்டறையிலிருந்து பிடித்து வந்த ஆள் என்றே அவரைப் பார்த்தவர்களுக்குத் தோன்றும். காட்சி எங்கே ஏற வேண்டும், எங்கே இறங்க வேண்டும் என்பதை அந்த மேசையில் இருந்தபடியே அவர் பார்த்துக்கொள்கிறார்.

செக் சினிமாவின் வரலாற்றை எழுதும்போது இயக்குநர்களின் பெயர்களையே வரிசையாக அடுக்குகிறோம். இந்தத் தொடரும் இதுவரை அப்படித்தான் வந்திருக்கிறது. ஆனால் 1960களின் பெரும் படைப்புகள், 1968க்குப் பிறகு விழுந்த பூட்டு, அந்தப் பூட்டுக்கு வெளியே வளர்ந்த தேவதைக் கதைகளும் தொலைக்காட்சியும் ஆகிய மூன்றையும் ஒரே ஆளின் வாழ்க்கையில் பார்க்க வேண்டுமென்றால், இந்தக் குணச்சித்திர நடிகரைத்தான் பின்தொடர வேண்டும்.

மொராவியாவின் தெற்கே, பிர்னோ நகரத்துக்கு அருகில் உள்ள சிற்றூர் இவான்ச்சிட்சே. ஓவியர் அல்ஃபோன்ஸ் முகா 1860இல் பிறந்த ஊர் அது. 1929 அக்டோபர் 9இல் அங்கேதான் மென்ஷீக்கும் பிறந்தார். சின்ன வயதிலேயே ஆஸ்துமா. அந்த இளைப்பு கடைசிவரை அவரை விடவில்லை. ஒன்பது வயதில் ஜெர்மானியப் படைகள் நாட்டுக்குள் வந்தன. பதினைந்து வயதில் போர் முடிந்தது. பிர்னோவில் தொழிற்கல்விப் பள்ளியில் சேர்ந்தார். இயந்திரங்கள் அவரைப் பிடித்து வைக்கவில்லை. இசையமைப்பாளர் யானாச்செக்கின் பெயரில் அதே நகரத்தில் 1947இல் தொடங்கப்பட்டிருந்த கலைக் கழகத்தில் நாடகம் படித்து, 1953இல் வெளியே வந்தார். பிராகிலிருந்து தொலைக்காட்சி ஒளிபரப்பு முதன்முதலாகத் தொடங்கியதும் அந்த ஆண்டின் மே மாதத்தில்தான்.

முதல் வேலை கிராம நாடகக் குழுவில். அரசு நடத்திய அந்தக் குழு ஊர் ஊராகப் போய்க் கிடைத்த கூடத்தில் நாடகம் போட்டது. ஆஸ்துமாக்காரருக்கு உகந்த பிழைப்பு அல்ல அது. ஆனால் வயலிலிருந்து நேரே வந்து உட்காரும் பார்வையாளரை இரண்டாவது நிமிடத்தில் சிரிக்க வைக்காவிட்டால் அவர் தூங்கிவிடுவார் என்பதை நேரில் கற்றுக்கொள்ள அதைவிட நல்ல பள்ளி இருந்திருக்க முடியாது.

அங்கிருந்து பிராகுக்கு, எமில் ஃபிரான்டிஷெக் புரியானின் நாடக அரங்குக்குப் போனார். புரியான் சாதாரண ஆள் அல்லர். 1930களில் செக் நாடக மேடையைப் புரட்டிப் போட்டவர். நாஜிகளின் வதை முகாம்களில் கிடந்து, போரின் கடைசி நாட்களில் கைதிகளோடு குண்டுவீச்சுக்கு இலக்கான 'காப் ஆர்க்கோனா' கப்பலிலிருந்து உயிர் தப்பியவர். மேடையில் ஒவ்வோர் அசைவையும் இசைபோல் அளந்து அமைப்பவர். கிராமத்துக் கூடத்தில் கற்றது ஒரு பக்கம், புரியானிடம் கற்றது ஒரு பக்கம். மென்ஷீக்கின் நடிப்பில் இரண்டும் ஒட்டிக்கொண்டு இருந்தன என்றே தோன்றுகிறது. உளறுவதுபோலப் பேசுவார், ஆனால் ஒரு சொல்லும் இடம் மாறி விழாது.

1958இல் பாராண்டாவ் படப்பிடிப்பு நிலையம் அவரைத் தன் நடிகர் குழுவில் சேர்த்துக்கொண்டது. செக் சினிமா 1945இலேயே அரசுடைமையாகிவிட்டது. எனவே இந்த நடிகர்கள் நிலையத்தின் ஊழியர்கள், சம்பளக்காரர்கள். எந்த இயக்குநரின் எந்தக் கதையில் ஒரு குடிகாரர், பக்கத்து வீட்டுக்காரர், பொறாமைக்காரக் கணவர் தேவைப்பட்டாலும் கூப்பிடு தூரத்தில் ஆள் இருந்தார். நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் அவர் முகம் இருப்பதற்கு இந்த ஏற்பாடு ஒரு முக்கியக் காரணம். பல படங்களில் இரண்டு காட்சி, மூன்று காட்சிதான். அந்தப் படங்களை வேகமாகக் கடந்துவிடலாம். கடக்கக் கூடாத படங்கள் சில உண்டு.

முதலில் 'மார்கெட்டா லசரோவா' (1967). இயக்கியவர் ஃபிரான்டிஷெக் விளாச்சில். நாஜிகளால் 1942இல் கொல்லப்பட்ட எழுத்தாளர் விளாதிஸ்லாவ் வான்ச்சுராவின் நாவல். இடைக்காலத்துக் கொள்ளைக் குடும்பங்களின் கதை. நடிகர்கள் உடைக்குள் நுழைந்து நிற்பவர்களாகத் தெரியக் கூடாது, அந்தக் காலத்திலேயே பிறந்து வளர்ந்தவர்களாகத் தெரிய வேண்டும் என்று விளாச்சில் பிடிவாதமாக இருந்தார். குளிரிலும் காட்டிலும் படப்பிடிப்பு ஆண்டுக்கணக்கில் இழுத்தது. 1998இல் செக் விமர்சகர்கள் தங்கள் நாட்டின் தலைசிறந்த படமாக இதைத் தேர்ந்தெடுத்தார்கள்.

இதில் மென்ஷீக், பெர்னார்ட் என்ற நாடோடித் துறவி. கையில் ஓர் ஆட்டுக்குட்டியோடு அலைகிறவர். படத்தின் இரண்டாம் பாகத்துக்கே 'கடவுளின் ஆட்டுக்குட்டி' என்றுதான் பெயர். ஓநாயும் ரத்தமும் பழிவாங்கலுமாக நகரும் படத்துக்குள் இந்த ஆள் வந்து, கடவுளோடு பக்கத்து வீட்டுக்காரரோடு பேசுவதுபோல் பேசுகிறார், குறைப்பட்டுக்கொள்கிறார், சாப்பாட்டுக்கு ஏங்குகிறார். ஆட்டைப் பறிகொடுத்த பிறகு அவர் படும் துயரத்தைப் பார்த்தால் சிரிப்பு வருகிறது. அடுத்த கணம் அந்தச் சிரிப்புக்காக வெட்கமும் வருகிறது. படம் முழுக்க மனிதர்கள் பெரிய காரணங்களுக்காகச் செத்துக்கொண்டிருக்க, ஓர் ஆட்டுக்காக அழுபவர் அவர் ஒருவர்தான். இறுதியில் எல்லாம் அழிந்த பின், மார்கெட்டா தன்னந்தனியே நடக்கிறாள். பெர்னார்ட் அவளோடு போயிருக்கலாம். அவரோ ஓடிப்போகும் ஆட்டைப் பிடிக்க ஓடுகிறார். மென்ஷீக் நடித்தவற்றில் இதுவே உச்சம் என்று தயங்காமல் சொல்லலாம்.

அடுத்தது வோய்டெக் யாஸ்னியின் 'எல்லாரும் நல்ல ஊர்க்காரர்கள்'. மொராவியக் கிராமம் ஒன்றின் கதை, 1945 மே மாதத்தில் போர் முடிந்த மகிழ்ச்சியோடு தொடங்குகிறது. பிறகு கூட்டுப் பண்ணைக்காக நிலங்கள் பறிபோகின்றன, நண்பர்கள் ஒருவரையொருவர் காட்டிக்கொடுக்கிறார்கள், நல்லவர்கள் ஒவ்வொருவராக இல்லாமல் போகிறார்கள். மென்ஷீக் இதில் பிர்ஷ்க் என்ற ஊர்த் திருடன். கை நீளம் என்று ஊருக்கே தெரியும். ஆனாலும் ஊர் அவனைத் தள்ளி வைக்கவில்லை. கோழி திருடுபவனைத் திருடன் என்று தண்டிக்கும் அரசு, பக்கத்திலேயே முழுக் கிராமத்தின் நிலத்தையும் எடுத்துக்கொண்டிருக்கிறது. இதை யாரும் வசனமாகச் சொல்வதில்லை. மென்ஷீக்கின் அப்பாவி முகத்தைப் பார்த்து நாமே புரிந்துகொள்கிறோம். இயக்குநரும் மொராவியர், நடிகரும் மொராவியர். பேச்சில் மண் வாசனை தானாக வந்தது. 1969இல் கான் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநர் விருதைப் பிரேசில் நாட்டின் கிளாபர் ரோஷாவோடு யாஸ்னி பகிர்ந்துகொண்டார்.

அதே 1969இல் வந்த யூராய் ஹெர்ஸின் 'பிணம் எரிப்பவர்' படத்தில் மென்ஷீக்குக்குச் சின்ன வேடம். எதைப் பார்த்தாலும் பதறிக் கத்தும் மனைவியை இழுத்துக்கொண்டு கூட்டங்களிடையே திரியும் கணவர். மெழுகுச் சிலைக் காட்சி போன்ற இடங்களில் இந்தத் தம்பதி திரும்பத் திரும்பத் தலைகாட்டுவார்கள். நாஜிகள் வந்தால் கொலைகாரனாக மாறத் தயாராக இருக்கும் ஒரு மரியாதைக்குரிய மனிதரின் கதை அது. அதன் நடுவே இந்தச் சண்டைக்காரத் தம்பதி மட்டும்தான் ஏதோ நடக்கப் போகிறது என்று பயப்படுகிறவர்கள்போல் இருக்கிறார்கள்.

1968 ஆகஸ்ட் 20 இரவு சோவியத் தலைமையிலான படைகள் நாட்டுக்குள் நுழைந்தன. சினிமாவுக்கு அடி உடனே விழவில்லை. ஓரிரு ஆண்டுகளில் விழுந்தது. யாஸ்னியின் படம் முடக்கப்பட்டது. 1970இல் அவர் நாட்டை விட்டே போய்விட்டார். ஃபோர்மன் அமெரிக்காவில். ஹெர்ஸின் படம் திரையரங்குகளிலிருந்து எடுக்கப்பட்டது. விளாச்சில் நாட்டிலேயே இருந்தார், ஆனால் 1969க்குப் பிறகு 1976 வரை அவரால் திரையரங்குக்கு ஒரு முழுநீளப் படம் எடுக்க முடியவில்லை.

மென்ஷீக் நடித்துக்கொண்டே இருந்தார். இதைக் குறையாகச் சொல்கிறவர்கள் இருக்கலாம். அவர் போராளியாக இருக்கவில்லை, அப்படிக் காட்டிக்கொள்ளவும் இல்லை. நிலையத்தின் சம்பளக்கார நடிகர் அவர். கொடுத்த வேடத்தைச் செய்தார். ஆனால் அந்த ஆண்டுகளில் எந்த வகைப் படங்களில் அவர் செய்த வேலை நிலைத்தது என்று பார்த்தால் சுவாரசியமான ஒன்று தெரியும். குழந்தைகளுக்கான கதைகள். தணிக்கை குறைவாக நெருக்கிய பகுதி அது. வெளியே தள்ளப்பட்டவர்கள் ஒதுங்கிக்கொள்ளவும் அங்கே இடம் இருந்தது.

'சிண்டரெல்லாவுக்கு மூன்று கொட்டைகள்' (1973) அதற்குச் சரியான உதாரணம். வாட்ஸ்லாவ் வொர்லீச்செக் இயக்கியது. திரைக்கதை எழுதிய ஃபிரான்டிஷெக் பாவ்லீச்செக் அப்போது தடை செய்யப்பட்ட எழுத்தாளர். படத்தில் வேறொருவரின் பெயர்தான் வந்தது. உடைகளை வடிவமைத்தவர் தியோடோர் பிஷ்டெக். விளாச்சிலின் இடைக்கால மனிதர்களுக்கு உடை தைத்தவரும் அவரே. பின்னாளில் ஃபோர்மனின் 'அமடேயஸ்' படத்துக்காக ஆஸ்கர் வாங்கியவரும் அவரே.

படம் கிழக்கு ஜெர்மனியின் டேஃபா நிறுவனத்தோடு சேர்ந்து எடுக்கப்பட்டது. கோடையில் நடப்பதாக எழுதப்பட்ட கதை, அந்த நிறுவனத்துக்குக் குளிர்காலத்தில்தான் ஆட்கள் ஓய்வாக இருந்ததால் பனிக்கு மாற்றப்பட்டது. உலகம் இன்று அந்தப் படத்தை விரும்புவதே அந்தப் பனிக்காகத்தான். ஆனால் படப்பிடிப்பின்போது இயற்கை கைகொடுக்கவில்லை. பனி போதாத இடங்களில் வெண்ணிறம் தெரிய வேண்டும் என்று மீன்தூளைக் கொட்டினார்கள். வெயில் பட்டதும் நாற்றம் தாங்க முடியவில்லையாம். திரையில் தூய வெண்மை. இறங்கி நடந்த நடிகர்களுக்கோ கருவாட்டுக் கிடங்கு.

மென்ஷீக் இதில் வின்ட்செக் என்ற பண்ணையாள். மாற்றாந்தாயின் பொருட்களை வாங்கி வர நகரத்துக்குப் போகிறார். தனக்கு என்ன வேண்டும் என்று கேட்டவரிடம், வழியில் உங்கள் மூக்கில் எது விழுகிறதோ அதைக் கொண்டுவாருங்கள் என்கிறாள் சிண்டரெல்லா. திரும்பும் வழியில் சறுக்கு வண்டியில் தூங்கிப் போகிறார். குதிரைகளுக்கு வழி தெரியும். காட்டில் வேட்டைக்கு வந்த இளவரசனின் குறும்பால் மரத்திலிருந்து ஒரு பறவைக்கூடு அவர் மேல் விழுகிறது. அதில் மூன்று ஹேசல் கொட்டைகள். கதையின் மந்திரம் அத்தனையும் அந்தக் கொட்டைகளுக்குள்தான் இருக்கிறது. அதைக் கொண்டுவந்து சேர்ப்பவர் தேவதை அல்ல, தூங்கிக்கொண்டே வண்டி ஓட்டும் ஒரு வேலைக்காரர். மென்ஷீக் அதைக் கொடுக்கும் விதத்தைப் பாருங்கள். சொன்ன சொல்லைக் காப்பாற்றிவிட்டோம் என்ற திருப்தியும், இவ்வளவுதானா கொண்டுவர முடிந்தது என்ற கூச்சமும் ஒன்றாகத் தெரியும்.

இளவரசனாக நடித்த பாவெல் டிராவ்னீச்செக்கும் மொராவியாக்காரர்தான். இளவரசன் வாயில் மொராவியப் பேச்சு பொருந்தாது என்று அவருக்கு வேறொரு நடிகர் குரல் கொடுத்தார். பண்ணையாளுக்கு அந்தச் சிக்கல் எழவில்லை. ஜெர்மனியிலும் செக் நாட்டிலும் இன்றும் கிறிஸ்துமஸ் தோறும் இந்தப் படம் ஒளிபரப்பாகிறது. நார்வேயில் இன்னும் விசேஷம். அங்கே சிண்டரெல்லா, மாற்றாந்தாய், இளவரசன், வின்ட்செக் எல்லாருக்கும் க்னூட் ரிசான் என்ற ஒரே ஆண் குரல்.

வொர்லீச்செக்கோடு மென்ஷீக் சேர்ந்த நகைச்சுவைப் படங்கள் பல. 'டாக்டர் மிராச்செக்கை மூழ்கடிப்பது எப்படி' படத்தில் ஆற்றில் வாழும் நீர்மனிதர். செக் நாட்டார் கதைகளில் மூழ்கியவர்களின் ஆன்மாக்களை மூடிபோட்ட கோப்பைகளில் அடைத்து வைப்பவர்கள் இவர்கள். பசலைக்கீரையைப் பெயரிலேயே வைத்த 1977ஆம் ஆண்டுப் படத்தில் யிர்ஷி சோவாக்கோடு சேர்ந்து இளமையாக்கும் இயந்திரத்தில் சிக்கிக் குழந்தையாகிவிடும் மோசடிக்காரர். இவையெல்லாம் இன்றும் சிரிக்க வைக்கும் படங்கள். அதற்கு மேல் நாம் இங்கே நிற்க வேண்டியதில்லை.

தொலைக்காட்சிக்கு வருவோம். 1970களில் செக்கோஸ்லோவாக்கியாவின் வீடுகளில் பெட்டி வந்துவிட்டது, நிறமும் வந்துவிட்டது. வெளியே பேச முடியாதவர்கள் வீட்டுக்குள் ஒடுங்கிய காலம். அந்த அறையில் மென்ஷீக் தொடர்ந்து இருந்தார். 13 பகுதிகளாக வந்த 'அரபெலா' தொடர் அவருக்குக் கிடைத்த பெரிய வேடம். மிலோஷ் மட்சோவ்ரெக் எழுத, வொர்லீச்செக் இயக்கியது. 1980களின் தொடக்கத்தில் வீடுகளுக்கு வந்தது. இதில் அவர் மேயர் என்ற நடிகர். தினமும் மாலையில் தொலைக்காட்சியில் குழந்தைகளுக்குக் கதை சொல்லும் வேலை. ஒரு மந்திர மணி அவர் கைக்குக் கிடைக்கிறது. அதை ஒலித்தால் ரும்புராக் என்ற மந்திரவாதி வந்து நிற்கிறான். அவனோடு தேவதைக் கதை நாட்டுக்கு வேட்டைக்குப் போகும் மேயர், தெரியாமல் பேசும் ஓநாயைச் சுட்டுவிடுகிறார். அதனால் தண்டனை பெறும் ரும்புராக் பழிவாங்கக் கிளம்புகிறான். எப்படி? தொலைக்காட்சியின் கதை நேரத்துக்குள் புகுந்து கதைகளை மாற்றிச் சொல்கிறான். திரைக்கு முன்னால் குழந்தைகள் அழுகிறார்கள். அதோடு முடியவில்லை, கதை நாட்டிலும் அவன் சொன்னபடியே எல்லாம் நடக்கத் தொடங்குகிறது.

எல்லாக் கதைகளையும் அரசே சொல்லிக்கொண்டிருந்த ஒரு நாட்டில், தொலைக்காட்சியில் ஒருவன் கதையை மாற்றிச் சொன்னால் உலகமே மாறிவிடும் என்ற கற்பனை குழந்தைகள் நிகழ்ச்சியில் வந்திருக்கிறது. மட்சோவ்ரெக் அதை மனதில் வைத்து எழுதினாரோ இல்லையோ, இப்போது பார்க்கும்போது அந்த எண்ணத்தைத் தவிர்க்க முடியவில்லை. மென்ஷீக் அதை அரசியலாக்காமல், வேலை போய்விடுமோ என்று நடுங்கும் குடும்பத் தலைவராகவே நடித்தார். அந்த நடுக்கம் பார்ப்பவர்களுக்கு நன்கு பழகியது.

புத்தாண்டுக்கு முந்தைய இரவு நிகழ்ச்சிகள் தனி. ஒரு கூடம், மேசைகளைச் சுற்றிச் சக நடிகர்கள், நடுவில் மென்ஷீக். ஊரில் நடந்தது, வீட்டில் நடந்தது என்று கதை சொல்வார். கேமரா அவ்வப்போது மேசைகளுக்குத் திரும்பும். நாட்டின் மிகப் பெரிய நடிகர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டிருப்பார்கள். மூச்சு முட்டும் நோயுள்ள ஒருவர் அத்தனை நீளமான கதையை இடைவிடாமல் சொல்லி, கடைசி வரியை அத்தனை துல்லியமாக நிறுத்துவதற்கு என்ன பாடுபட்டிருக்க வேண்டும் என்று அவரை அறிந்தவர்களுக்கே தெரியும்.

ஆக, 1970களிலும் 80களிலும் அந்த நாட்டில் மென்ஷீக்கைத் தெரியாத குழந்தை இல்லை. ஆனால் அதே குழந்தைகளுக்கு ஊர்த் திருடன் பிர்ஷ்க்கைத் தெரியாது. ஒரு நடிகருக்கு இதைவிடப் பெரிய அநியாயம் எதுவென்று தெரியவில்லை. சிரிப்பு நடிகர் என்ற பெயர் மட்டும் நாடெங்கும் பரவ, அவர் எந்த உயரம் தொட்டவர் என்பதற்கான சாட்சிகளில் இரண்டு கிடங்கில் கிடந்தன.

1988 மே 29இல் பிர்னோவில் மென்ஷீக் இறந்தார். வயது 58. சிறு வயதில் பிடித்த ஆஸ்துமாவோடு இதயமும் சேர்ந்து தளர்ந்திருந்தது. அடுத்த ஆண்டு நவம்பர் 17இல் பிராக் மாணவர்களின் ஊர்வலத்தில் தொடங்கிய எழுச்சி, சில வாரங்களில் ஆட்சியை இறக்கியது. 'எல்லாரும் நல்ல ஊர்க்காரர்கள்', 'பிணம் எரிப்பவர்' இரண்டும் மீண்டும் திரைக்கு வந்தன. அரபெலாவின் மேயராக மட்டும் அவரைப் பார்த்து வளர்ந்த தலைமுறை, பிர்ஷ்க்கை அப்போதுதான் முதன்முதலாகச் சந்தித்தது. யாஸ்னி நாடு திரும்பி, 1999இல் அதே ஊர்க்காரர்களின் கதையைத் தொடர்வதுபோல் 'இழந்த சொர்க்கம் திரும்புதல்' எடுத்தார். மென்ஷீக் இல்லாமல் எடுக்க வேண்டியிருந்தது.

இவான்ச்சிட்சேயில் முகாவுக்கும் மென்ஷீக்குக்கும் நினைவுக் காட்சியகம் இருக்கிறது. பிர்னோவுக்குப் போகிறவர்கள் அரை நாள் ஒதுக்கிப் பார்த்துவிட்டு வரலாம்.

அடுத்த அத்தியாயத்தில் 'பிணம் எரிப்பவர்' ஆகவே வாழ்ந்து காட்டிய ருடோல்ஃப் ஹ்ருஷீன்ஸ்கி. 1968இல் 'இரண்டாயிரம் சொற்கள்' அறிக்கையில் கையெழுத்திட்டதற்காக அவர் கொடுத்த விலை, மென்ஷீக்கின் கதையின் மறுபக்கம்.

(தொடரும்)